லம்போங்கிலிருந்து வந்த கல்

இந்தோனேசியாவில் எரிமலைகள் எத்தனை என்று கேட்டால் ஆளுக்கு ஒரு கணக்கு சொல்கிறார்கள். நூற்றுக்கு மேல் என்பதில் சண்டை இல்லை. அந்த ‘மேல்’ எவ்வளவு என்பதில்தான் சண்டை. என் பேரனின் பள்ளிப் புத்தகத்தில் ஓர் எண் இருக்கிறது. தொலைக்காட்சிச் செய்தியில் வேறோர் எண் வருகிறது. கோப்பிக் கடையில் என் எதிரே உட்கார்ந்து பசியாறுகிற நண்பர் இந்த இரண்டையும் ஒப்புக்கொள்ளாமல் மூன்றாவதாக ஒன்றைச் சொல்கிறார். தூங்குகிற மலையைச் சேர்ப்பதா, கடலுக்கு அடியில் கிடப்பதைச் சேர்ப்பதா என்று இவர்களுக்குள் ஒரு முடிவு இல்லை. எண்ணிக்கையில் ஒழுங்கில்லாதவர்கள் சொல்லும் மற்றதையும் நான் நம்புவதில்லை.

என் வயதுக்காரர்களே, உங்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன். போன வாரம் ஜாவாவில் ஒரு மலை புகைவதைக் கடைத் தொலைக்காட்சியில் காட்டினார்கள். எல்லாரும் தலையைத் தூக்கிப் பார்த்தார்கள், பிறகு ரொட்டி சானாய்க்குத் திரும்பிவிட்டார்கள். என்னால் திரும்ப முடியவில்லை. அந்த நாட்டு மலை ஒன்றின் துண்டு எங்கள் தோட்டத்துக்கு வந்து, என் அக்காவின் பெயரைப் பிடித்து ஆட்டிய காலம் நினைவுக்கு வந்துவிட்டது. சொல்லிவிடுகிறேன்.

மலாக்கா மாநிலத்தில், புலாவ் செபாங்கிலிருந்து உள்ளே போகும் செம்மண் சாலையில் எங்கள் தோட்டம் இருந்தது. இப்போது அங்கே பாதி செம்பனை, பாதி தாமான் வீடுகள். அன்று எல்லாம் ரப்பர் பால்மரம். நான் ஆறாம் வகுப்பு. பள்ளிக்கூடம் என்பது ஒரே கூடம்தான். ஆறு வகுப்பும் அதற்குள்ளேயே. பின்சுவரில் ஒரு பெரிய வரைபடம் தொங்கியது. பச்சை என்றால் தாழ்ந்த நிலம், பழுப்பு என்றால் மலை, சிவப்பு முக்கோணம் என்றால் எரிமலை.

நம் பக்கத்தில் ஒரு முக்கோணம்கூடக் கிடையாது. மலாக்காவுக்கு எதிரே, வரைபடத்தில் ஒரு விரல் அகல நீலத்தைத் தாண்டினால் சுமத்ரா. அதன் மேற்கு ஓரமாகத் தலையிலிருந்து வால் வரை மீன்முள் மாதிரி பழுப்பு ஓடும். அந்த முள் நெடுகிலும் சிவப்பு. இவ்வளவு பக்கத்தில் அவர்களுக்கு அத்தனை, நமக்கு ஒன்றும் இல்லை என்றால் அதை எப்படி நம்புவது? வரைந்தவன் நம் பக்கம் வருவதற்குள் சிவப்பு மை தீர்ந்துபோயிருக்கும் என்று நினைத்தேன்.

எண்ணிப் பார்ப்பேன். கெரின்சி, சுமத்ராவிலேயே உயரமானது. தோபா, ஒரு மலை வெடித்து உட்கார்ந்த பள்ளம். அதில் ஓர் ஏரி, ஏரிக்குள் ஒரு தீவு. ஜாவாவில் மெராப்பி, மணல் கடலுக்கு நடுவே நிற்கும் புரோமோ, அந்தத் தீவின் உச்சியான செமேரு. லொம்போக்கில் ரிஞ்சானி, சும்பாவாவில் தம்போரா. வலது கோடியில் பாப்புவா. அங்கே முக்கோணம் இல்லாத ஒரு சிகரத்துக்குப் பக்கத்தில் ‘பனி’ என்று அச்சிட்டிருந்தார்கள். பூமத்தியரேகை அங்கிருந்து நகத்தளவு தூரம். வெயிலில் வெந்துகொண்டு உட்கார்ந்திருக்கும் எங்களிடம் பனி என்றால் யார் நம்புவார்கள்? நண்டு மாதிரி கால் பரப்பிய சுலாவேசித் தீவின் ஒரு காலைக் கரையான் தின்றுவிட்டதால் அங்கே எத்தனை போயின என்று தெரியாது. அந்த நஷ்டத்தை நான் தனியாகக் கணக்கில் வைத்திருந்தேன்.

ஒருநாள் எண்ணும்போது ஒன்று கூடுதலாக வந்தது. தேடினால், சரியாக எங்கள் தோட்டம் இருக்கும் இடத்தில் யாரோ சிவப்புப் பென்சிலால் ஒரு முக்கோணம் போட்டிருந்தான். பக்கத்து ஊரான காடெக்கில் தரைக்குள்ளிருந்து வெந்நீர் வருகிறது, அதனால் கீழே நெருப்பு இருக்கிறது என்பது அவன் வாதமாக இருக்கும் என்று பேசிக்கொண்டார்கள். யார் அவன் என்று கடைசி வரை தெரியவில்லை. ஆனால் ஒரு மாதம் போல நான் வீட்டுத் தரையில் உள்ளங்கையை வைத்துச் சூடு பார்த்துவிட்டுத்தான் படுத்தேன்.

இந்த நிலையில்தான் மாமா வந்தார், தீபாவளி முடிந்த கையோடு.

மாமா என்றால் அம்மாவின் தம்பி. சிங்கப்பூரில் ஏறி, சுமத்ராவின் தென்கோடியில் இருக்கும் லம்போங்கிலிருந்து மிளகு ஏற்றி வரும் சின்னக் கப்பலில் வேலை. அப்பாவுக்கு அவரைப் பிடிக்காது. “கப்பல்ல போறவன் கையில என்னா இருந்தாலும், எங்க எடுத்தேன்னு மொதல்ல கேக்கணும்” என்பார். அப்பா தோட்டத்துப் பால் ஸ்டோரில் வேலை செய்தார். பாலை உறையவைத்து ஷீட்டாக்கிப் புகை வீட்டில் தொங்கவிட்டுக் காயவைப்பது அவர் பொறுப்பு. குற்றம் உள்ள ஷீட்டை வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்தே கண்டுபிடித்துவிடுவார். மனிதர்களையும் அப்படித்தான் தூக்கிப் பார்ப்பார்.

அந்தத் தடவை மாமா கொண்டுவந்தவை நான்கு. அம்மாவுக்கு ஒரு கைலி, ஒரு பை மிளகு, ஒரு டின் பிஸ்கட், பழைய சட்டையில் சுற்றிய ஒரு கல். உரித்த தேங்காய் அளவு இருக்கும். சாம்பல் நிறம். உடம்பெல்லாம் துளை.

“என்னா மாமா இது?”

“மலைடா. மலையோட நுரை.”

கையில் வாங்கினேன். பஞ்சு மாதிரி கனம் இல்லை. மாமா அதைப் பிடுங்கி, பின்கட்டில் இருந்த தண்ணீர்த் தொம்பில் போட்டார். அமுங்கி எழுந்து மிதந்தது. நான் உள்ளே கைவிட்டு அழுத்தினேன். கையை எடுத்ததும் துள்ளிக்கொண்டு மேலே வந்தது.

மாமா சொன்னார்: “சுந்தா நீரிணைன்னு ஒண்ணு இருக்கு. அங்க கிரக்காத்தாவ்னு ஒரு மலை. என் தாத்தா காலத்துல கடலுக்கு நடுவுலயே வெடிச்சுத் தூள் தூளாப் போச்சாம். இப்ப அதே எடத்துல கடலுக்குள்ளேருந்து ஒரு குட்டி மலை வளருது. நான் பார்த்தேன், உச்சியில பொகை. வெடிக்கிறப்ப உள்ள இருக்கிற கல்லுக் கொழம்பு நுரைச்சு வந்து அப்படியே எறுகிப்போவுது. அந்தக் கரை பூராவும் இதான் கெடக்கு.”

பக்கத்து வீட்டுப் பெரியம்மா நெருப்புப் பெட்டி கேட்டு வந்தவர், தொம்பை எட்டிப் பார்த்தார். பெட்டியை மறந்துவிட்டார்.

“அடியாத்தே! ராமர் அணை கட்டுன கல்லு!”

“பெரியம்மா, அந்தக் கரையில சின்னப் பிள்ளைங்க இதை ஒதைச்சி வெளையாடுதுங்க.”

“வெளையாடாதா? அணை ஒடைஞ்சா கல்லு எங்கடா போவும்? அலையில அந்தப் பக்கம் ஒதுங்கத்தான் செய்யும்.”

மாமா சிரித்தார். அவர் அன்று சொன்னது அவ்வளவுதான். சாமிக் கல் என்று அவர் வாயிலிருந்து ஒரு தடவைகூட வரவில்லை. நான் பக்கத்தில் நின்றேன். இதை அழுத்திச் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. பின்னால் ஊரே அவர் அப்படிச் சொன்னதாகச் சாதித்தது.

சாயங்காலத்துக்குள் லயத்து வீடுகள் முழுக்கச் செய்தி. கோயில் தலைவர் வந்தார். அவரைப் பிள்ளைகள் எல்லாரும் பெரியப்பா என்போம். நெற்றி நிறையத் திருநீறு, இடுப்பில் சாவிக்கொத்து. கல்லைத் தட்டிப் பார்த்தார். “உள்ள செரட்டை கிரட்டை வச்சி மேல சிமிட்டி பூசியிருக்கியா தம்பி?” என்று மாமாவைக் கேட்டார். ஓர் ஆணியால் கீறினார். அதோடு விடாமல் அப்பாவிடம் கொடுத்து ஷீட் உறையவைக்கும் ஆசிட்டில் முக்கி எடுக்கச் சொன்னார். கல்லுக்கு ஒன்றும் ஆகவில்லை. கழுவிப் போட்டதும் மறுபடி மிதந்தது.

“பக்கத்துத் தோட்டத்துல தீமிதி இருக்கு. தம்பின் டவுன்லேருந்து பஸ் பிடிச்சி வர்றான். நம்ம ஆத்தாளுக்கு என்னா இருக்கு?” என்றார் தலைவர். மறுநாள் எங்கள் மாரியம்மன் கோயிலில், சன்னிதிக்கு இடது பக்கம், ஒரு பித்தளை உருளியில் கல் மிதந்துகொண்டிருந்தது. மாமாவுக்கு ஒரு துண்டு போர்த்தினார்கள். அவர் கூச்சத்தோடு வாங்கிக்கொண்டு கப்பலுக்குத் திரும்பிவிட்டார்.

அப்புறம் வந்த கூட்டத்தை நீங்கள் பார்த்திருக்க வேண்டும். தம்பின், ரெம்பியா, அலோர் காஜா என்று சுற்று ஊரெல்லாம் வந்தது. தங்கா பத்து என்ற ஊரிலிருந்து ஒரு லாரி நிறைய ஆட்கள் வந்தார்கள். கடலோரத்திலேயே குடியிருப்பவர்கள், மிதக்கும் கல்லைப் பார்க்க ரப்பர் காட்டுக்குள் வந்தார்கள். வந்தவர்களில் ஒருவர் பாக்கியில்லாமல் எல்லாரும் ஒன்று செய்தார்கள். கண்ணை மூடிக் கும்பிடுவார்கள். திறந்ததும் அதே கையால் கல்லை ஓர் அமுக்கு அமுக்குவார்கள். கீழே ஏதாவது முட்டுக் கொடுத்திருக்கிறதா என்று தெரிந்துகொள்ள வேண்டும். நம் ஜனங்களின் பக்தியில் எப்போதும் இந்த ஓர் அமுக்கு உண்டு. நான் குறை சொல்லவில்லை, நானும் அமுக்கினேன்.

உருளித் தண்ணீரைத் தினமும் மாற்ற வேண்டும், குழாய்த் தண்ணீர் கூடாது, கிணற்றுத் தண்ணீர்தான், கல்யாணமாகாத பெண் கொண்டுவர வேண்டும் என்று தலைவர் விதி செய்தார். அவருக்கே இரண்டு பெண்கள். ஆனால் பெரட்டு என்கிற காலை ஆள்கணக்கெடுப்புக்கு முன்னால் இருட்டோடு எழுந்து கிணற்றுக்குப் போக வேண்டுமே. என் அக்கா பொறுப்பான பெண் என்று எல்லார் முன்னாலும் புகழ்ந்து, வாளியை அவள் கையில் கொடுத்துவிட்டார். அக்காவுக்கு அப்போது பதினெட்டு வயது. விடியலில் கோயிலுக்குத் தண்ணீர், அப்புறம் அம்மாவோடு பால்வெட்டு, மத்தியானம் தோள்கம்பில் காண்டா வாளிகளை மாட்டிப் பால் சுமந்து ஸ்டோருக்கு. வாயாடி என்று பெயர். வேலையில் மட்டும் வாய் திறக்க மாட்டாள்.

ரெம்பியாவில் மளிகைக் கடை வைத்திருந்த ஒரு குடும்பம் கல் பார்க்க வந்தது. அந்த வீட்டு அம்மாள் கல்லைப் பார்த்தார், அமுக்கினார், பிறகு வாளியோடு நின்ற அக்காவைப் பார்த்தார். பொங்கல் கழித்து அவர் மகனுக்கென்று தட்டு மாற்றியாகிவிட்டது. சித்திரை பிறந்ததும் கல்யாணம். மாப்பிள்ளை ஒருதரம் வந்து என்னிடம் பன்னிரண்டாம் வாய்ப்பாடு கேட்டார். நான் பதினெட்டாம் வாய்ப்பாடு சொன்னேன். அக்கா கதவுக்குப் பின்னால் சிரித்தது கேட்டது. அவளுக்கு அவரைப் பிடித்திருந்தது. அது எங்கள் வீட்டில் எல்லாருக்கும் தெரியும்.

நானோ கல்லை எண்ணிக்கொண்டிருந்தேன். தண்ணீருக்கு மேலே தெரியும் பெரிய துளைகளை மட்டும்தான். முதல் வாரத்தில் இருபத்திரண்டு. தைப்பூசம் வாக்கில் பதினேழு. மாசி மாதத்தில் ஒன்பது. அப்பாவிடம் சொன்னேன்.

“அப்பா, கல்லு கீழ போவுது.”

“ஒழுங்கா எண்ணத் தெரியாம எண்ணாத.”

தலைவரிடம் சொன்னேன். அவர் என்னை ஒரு மாதிரி பார்த்து, “சாமிய எண்ணுறதுக்கு ஒன்னை யாருடா அனுப்புனா?” என்றார். என்னை யாரும் அனுப்பவில்லை. ஆனால் அந்தக் கேள்வியைக் கேட்டதிலிருந்து அவர் எங்கள் வீட்டைத் தாண்டும்போதெல்லாம் உள்ளே எட்டிப் பார்க்கத் தொடங்கினார்.

பங்குனியில் ஒரு வெள்ளிக்கிழமை காலை, பூசாரி போட்ட சத்தத்தில் பெரட்டுக்கு நின்றவர்கள் எல்லாம் ஓடினார்கள். கல் உருளியின் அடியில் கிடந்தது. பூசாரி கையால் எடுத்து மேலே விட்டார். மெதுவாக, அசைந்து அசைந்து, மறுபடி அடிக்குப் போய்விட்டது.

அன்று மத்தியானம் கோயில் வாசலில் கூடினார்கள். கல் ஏன் முழுகியது என்று ஒருவரும் கேட்கவில்லை. யாரால் முழுகியது என்று கேட்டார்கள். பூசாரி கவிச்சி சாப்பிட்டாரா? தங்கா பத்திலிருந்து வந்த மீன்காரர்கள் தொட்டார்களா? ஒவ்வொருவராகப் பேசி, ஒவ்வொருவராகக் கழித்தார்கள். கடைசியில் பெண்கள் பக்கமிருந்து தலைவரின் சம்சாரம் மெல்லக் கேட்டார்: “தெனம் தண்ணி ஊத்துறது யாரு? வயசுப் பொண்ணு. நாளு கிழமை பார்த்து ஊத்துனாளா?”

எல்லாத் தலையும் அக்கா பக்கம் திரும்பியது. வீட்டுக்குத் தூரமான நாளில் அவள் தண்ணீர் எடுத்து வந்திருக்கிறாள், அந்தத் தீட்டில் கல் முழுகிவிட்டது என்பதுதான் பேச்சு. என்னை அங்கிருந்து விரட்டினார்கள். வேலிக்கு அந்தப் பக்கம் போய் நின்று மீதியைக் கேட்டேன். அடுத்த வெள்ளிக்கிழமை அக்கா ஆத்தா முன்னால் நின்று, எரிகிற சூடத்தைக் கையால் அணைத்துச் சத்தியம் செய்ய வேண்டும். அப்படி ஒன்றும் நடக்கவில்லை என்று. ரெம்பியா வீட்டுக்கும் சொல்லி அனுப்பிவிட்டார்கள். பொய்ச் சத்தியம் செய்தால் வம்சம் விளங்காது என்பதையும் சேர்த்தே சொல்லி அனுப்பினார்கள்.

அந்த வாரம் எங்கள் வீட்டில் எல்லாரும் எல்லாரையும் பார்த்துக்கொண்டிருந்தோம். குழாயடியில் அக்கா வாளியை வைத்தால் மற்றவர்கள் தங்கள் வாளியை நகர்த்தினார்கள். அம்மாவும் அக்காவும் அடுப்படியில் குசுகுசுவென்று பேசுவார்கள். நான் போனால் நிறுத்திவிடுவார்கள். “சத்தியத்தைப் பண்ணிட்டுப் போயேன்டி” என்று அம்மா சொன்னது ஒருநாள் காதில் விழுந்தது. அக்கா என்ன பதில் சொன்னாள் என்பது விழவில்லை. சாப்பிடும்போது அப்பா தலையைத் தூக்காமல் அம்மாவிடம் கேட்டார்: “நெசமா ஒண்ணும் இல்லையில்ல?” அம்மாவின் கையில் இருந்த கரண்டி அப்படியே நின்றது. அக்கா எழுந்து போய்விட்டாள். குற்றமுள்ள ஷீட்டை வெளிச்சத்தில் பார்ப்பவர், பெற்ற பெண்ணை இருட்டில் வைத்துப் பார்த்தார் என்று இன்று எனக்குத் தோன்றுகிறது. அன்று நானும் அவள் முகத்தைத்தான் ஆராய்ந்துகொண்டிருந்தேன்.

சூடத்துக்கு முதல்நாள் மாமா வந்து சேர்ந்தார். துண்டு போர்த்திய அதே வாசலில் அவரை நிறுத்திக் கேட்டார்கள்.

“சாமிக் கல்லுன்னு சொல்லி ஏமாத்துனியா?”

“நான் எப்ப சொன்னேன்? மலையோட நுரைன்னுதான் சொன்னேன். அதுல பூரா ஓட்டை. ஓட்டைக்குள்ள காத்து இருக்கிற வரைக்கும் மெதக்கும். அஞ்சு மாசமா ஊறப் போட்டா தண்ணி ஏறாதா? தண்ணி குடிச்ச கல்லு முழுவத்தான் செய்யும். காயப் போடுங்க லா, மறுபடி மெதக்கும்!”

“கல்லு தண்ணி குடிக்குமாம்!” என்று யாரோ சொல்ல, சிரிப்பு. “லம்போங்ல கல்லு கோப்பி குடிக்குமா மச்சான்?”

அப்போதுதான் அப்பா பேசினார். மாமாவுக்காக அவர் வாய் திறந்ததை அதற்கு முன் நான் பார்த்ததில்லை.

“சிரிக்காதீங்க. ஸ்டோர்ல பாலுக்கு மேல நுரை எடுக்காம விட்டுட்டா, ஷீட்டு எப்படி வரும்? உள்ள பூரா கொப்புளம். காயுறதுக்கு எத்தனை நாளு கூட ஆவுது? தண்ணி உள்ள நிக்கிறதாலதான? அவன் சொல்றது அதான். இது மலை வச்ச கொப்புளம்.”

எல்லாரும் ரப்பர் வேலைக்காரர்கள். சிரிப்பு நின்றது. புகை வீட்டில் ஷீட்டுகளோடு கல்லையும் வைத்துக் காயப் போடுவது, ஒரு வாரம் கழித்து உருளியில் விடுவது, அதுவரை சத்தியம் வேண்டாம் என்று முடிவானது. ஆனால் அப்பா அந்த வாரம் புகை வீட்டுப் பக்கம் வரக் கூடாது. வேறோர் ஆள் நெருப்புப் பார்ப்பான். சாவி தலைவரின் இடுப்பில். தலைவரை நம்பாத இருவர் தங்கள் பங்குக்கு வெளியே ஒரு பூட்டுப் போட்டார்கள். அந்தப் பூட்டையும் நம்பாத ஒருவர் கதவின் குறுக்கே நூல் கட்டினார்.

அந்த வாரத்தைப் போல ஒரு வாரம் எனக்கு வரவில்லை. மாமா சொன்னது சரி என்று வரைபடத்தின் முன்னால் நின்று எனக்கு நானே சொல்லிக்கொள்வேன். கிரக்காத்தாவின் முக்கோணம் கடல் நீலத்துக்கு நடுவே தனியாக இருக்கும். ஒருவேளை கல் சூட்டில் வெடித்துவிட்டால்? மாமா பார்த்தது வேறு கல், கொண்டுவந்தது வேறு கல்லாக இருந்தால்? அது மறுபடி மிதக்காவிட்டால் ரெம்பியாக்காரர்கள் தட்டைத் திருப்பி அனுப்புவார்கள். அதற்கு அப்புறம் யார் வருவார்கள்? அக்கா காலையில் கத்தி எடுத்துக்கொண்டு மரத்துக்குப் போவாள், வருவாள்.

நூல் அறுபடாமல் இருந்தது. பூட்டுகளைத் திறந்து கல்லை எடுத்து வந்தார்கள். சாம்பல் நிறம் போய்த் தேன் நிறம் ஏறியிருந்தது. கோயில் முழுக்கப் புகை ஷீட் வாசனை. அக்கா பழக்கப்படி காலையில் கொண்டுவந்த வாளியைத் தொடாமல் படியிலேயே விட்டுவிட்டு, உருளியைப் பூசாரியே நிரப்பியிருந்தார். ரெம்பியா அம்மாள் கணவரோடு வந்து, தலைவரின் சம்சாரம் போட்ட பாயில் முதுகை நிமிர்த்தி உட்கார்ந்திருந்தார். முகத்திலிருந்து ஒன்றும் படிக்க முடியவில்லை. தலைவர் கல்லை இரண்டு கையாலும் தண்ணீரில் விட்டார்.

ஒருதரம் அமுங்கி, மேலே வந்து, ஆடி நின்றது. முதல் நாளைப் போலவே உயரமாக மிதந்தது. மாமா என்னைத் தூக்கிவிட்டார். “பார்த்தியா? பார்த்தியா?” அம்மா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு அழுதார். அப்பா கண்ணை மூடி நின்றார்.

தலைவர் கையைத் தூக்கினார்.

“ஆத்தா மன்னிச்சிட்டா! நெருப்புல போட்டதும் தீட்டு எரிஞ்சிபோச்சி. நம்ம கண்ணு முன்னாலயே காட்டிட்டா. பொண்ணு மேல இனிமே ஒரு குத்தமும் இல்ல. போனது போவட்டும்!”

கூட்டம் “தாயே!” என்று கூவிக் குலவையிட்டது.

“அடப் பாவிங்களா, காஞ்சிருக்கு லா! வெறும் தண்ணி காஞ்சிருக்கு!” என்று மாமா கத்தினார். யாருக்கும் கேட்கவில்லை. கல் மிதந்தால் அக்கா தப்பித்துவிடுவாள் என்றுதான் அத்தனை நாளும் எண்ணிக்கொண்டிருந்தேன். கல் மிதந்தது. அதையே சாட்சியாக வைத்து அவள்தான் அழுக்காக்கினாள் என்று முடிவு செய்துவிட்டார்கள். மன்னிப்பும் கொடுத்துவிட்டார்கள். அம்மாவுக்கு அது போதும் என்று தெரிந்தது. அக்காவின் தோளைப் பிடித்து, “கும்பிட்டுக்கோடி, கும்பிட்டுக்கோ” என்று முன்னே தள்ளினார்.

அக்கா முன்னே வந்தாள். கும்பிடவில்லை.

“சூடம் ஏத்துங்க பெரியப்பா.”

“அதான் முடிஞ்சிபோச்சேம்மா.”

“இன்னும் முடியல. ஏத்துங்க.”

தலைவர் தயங்கிக்கொண்டே தட்டில் சூடத்தை வைத்துக் கொளுத்தினார். அக்கா அதற்கு நேரே நின்றாள். குரல் உயரவில்லை.

“மொத மாசம் நான் தூரமானப்ப, ஒங்க வீட்டுக்குச் சொல்லி அனுப்புனேன். ஒங்க மகளுங்கள்ல ஒண்ணு வந்து தண்ணி எடுக்கட்டும்னு. யாரும் வரல. மூணு நாளு உருளி காய்ஞ்சி கெடந்துச்சு. அதுக்கும் என்னைத்தான் ஏசுனீங்க. அடுத்த மாசத்துலேருந்து நான் யாருக்கும் சொல்லல. நல்ல நாளு, கெட்ட நாளு எல்லா நாளும் நான்தான் ஊத்துனேன். ஒரு மாசம் இல்ல, மாசாமாசம். அப்பல்லாம் மெதந்துச்சு. நீங்க எல்லாரும் வந்து கும்புட்டீங்க. அமுக்கிப் பார்த்தீங்க. மெதந்துச்சு.”

சொல்லிவிட்டு உள்ளங்கையால் சூடத்தை அடித்து அணைத்தாள். தட்டு தலைவரின் கையில் குலுங்கியது.

உருளியில் கல் மட்டும் ஆடிக்கொண்டிருந்தது. தலைவரின் சம்சாரம் தன் பெண்களைப் பார்த்தார். பெண்கள் தரையைப் பார்த்தார்கள். இவள் தீட்டோடு ஊற்றியும் மிதந்தது என்றால், ஒன்று கல்லைக் கைவிட வேண்டும், இல்லை தீட்டைக் கைவிட வேண்டும். இரண்டில் எது என்று தலைவரால் அந்த இடத்தில் முடிவு செய்ய முடியவில்லை. அம்மா தலையில் கைவைத்து உட்கார்ந்துவிட்டார். பொய்யாக ஒரு சத்தியம் செய்திருந்தால் போயிருக்கும். மன்னிப்பை வாங்கிக்கொண்டிருந்தாலும் போயிருக்கும். இவள் இரண்டையும் விட்டுவிட்டு, சம்பந்தி வீட்டார் முன்னால் எல்லாவற்றையும் போட்டு உடைத்துவிட்டாள்.

ரெம்பியா அம்மாள் எழுந்தார். பாயை விட்டு இறங்கி, செருப்பு கிடந்த வாசல் பக்கம் திரும்பினார். போகிறார்கள் என்றுதான் நினைத்தேன். அவர் கணவரும் எழுந்துவிட்டார். அந்த அம்மாள் சன்னிதிப் பக்கம் பார்க்காமல், அக்காவிடம் நேரே வந்தார். அவளுடைய கையைப் பிடித்துத் திருப்பி, சூடம் சுட்ட இடத்தைப் பார்த்தார்.

“தண்ணி இருக்கா புள்ள? ரெம்பியாலேருந்து வெயில்ல வந்தோம். ஒருத்தரும் குடிக்க ஒண்ணும் குடுக்கல.”

தலைவரின் சம்சாரம், “இதோ எங்க வீட்டுலேருந்து...” என்று எழுந்தார்.

“ஒங்க வீட்டுத் தண்ணி வேணாம். இந்தப் புள்ள காலையில எடுத்தாந்த தண்ணி இருந்தா போதும்.”

அக்கா கோயில் படியில் இருந்த வாளியிலிருந்து ஒரு சொம்பு மொண்டு, சுடாத கையால் நீட்டினாள். ரெம்பியா அம்மாள் சொம்பைத் தூக்கி வாய்க்கு மேலே பிடித்தார். கூட்டம் முழுக்கப் பார்த்துக்கொண்டிருந்தது. நான் முண்டியடித்து முன்னால் போய், அந்த அம்மாளின் தொண்டையையே பார்த்தேன். நம் ஜனங்கள் குடிப்பது போலக் காட்டிவிட்டுத் தண்ணீரைத் தோளுக்குப் பின்னால் விடுவதை நான் பார்த்திருக்கிறேன். ஒரு சொட்டு வெளியே வழிகிறதா என்று கவனித்தேன். வழியவில்லை. தொண்டை ஏறி இறங்கியது. ஒன்பது மடக்கு. சொம்பைக் கவிழ்த்து, இன்னும் கொஞ்சம் வேண்டும் என்று அக்காவிடம் நீட்டினார்.